விளக்கை எங்கே வைப்பது? கென் ஆடமின் தொழில்வாழ்க்கை பற்றி ஒரு நிகழ்வு ஆய்வு

1976. லண்டனுக்கு மேற்கே பைன்வுட் ஸ்டூடியோ. 'த ஸ்பை ஹூ லவ்டு மீ' என்ற ஜேம்ஸ் பாண்ட் படத்துக்காக, நீர்மூழ்கிக் கப்பல்களை விழுங்கும் ராட்சத எண்ணெய்க் கப்பலின் உட்புறத்தை ஒரே செட்டாக வடிவமைத்திருந்தார் பிரிட்டிஷ் சினிமா செட் வடிவமைப்பாளர் கென் ஆடம். அதற்குப் போதுமான ஃபுளோர் (செட் போடும் படப்பிடிப்புக் கூடம்) எங்கும் இல்லை என்பதால் ஃபுளோரையே புதிதாகக் கட்டினார்கள். கட்டுமானச் செலவு சுமார் 18 லட்சம் டாலர். உள்ளே இருந்த தொட்டி 12 லட்சம் கேலன் தண்ணீர் பிடிக்கும். அதாவது ஏறத்தாழ 54 லட்சம் லிட்டர், எடையில் 5,400 டன். இரும்பு, தண்ணீர், கூரை எல்லாம் கணக்குப் போட்டபடி நின்றன. ஒரு கேள்வி மட்டும் தீரவில்லை. இவ்வளவு பெரிய இடத்துக்கு வெளிச்சம் எங்கிருந்து வரும்?

ஆடம் இயக்குநர் ஸ்டான்லி குப்ரிக்கை அழைத்தார். யாருக்கும் தெரியக்கூடாது, அப்போது உள்ளே ஒருவரும் இருக்கக்கூடாது என்ற நிபந்தனையோடு ஒரு ஞாயிற்றுக்கிழமை குப்ரிக் வந்தார். நான்கு மணி நேரம் போல இருந்து, எங்கெங்கே விளக்கு வைக்கலாம் என்று சொல்லிவிட்டுப் போனார்.

அப்போது ஆடமுக்கு 55 வயது. ஆஸ்கர் வாங்கி சில மாதங்கள்தான் ஆகியிருந்தன. 13 ஆண்டுகளுக்கு முன்பு இதே குப்ரிக்கோடு சேர்ந்து இதே கேள்விக்கு, சினிமா செட் வரலாற்றிலேயே மிகத் தெளிவான விடை கண்டவர் அவர். அப்படிப்பட்டவர் ஏன் மறுபடி கேட்க வேண்டி வந்தது? அவருடைய தொழில்வாழ்க்கையை இந்தக் கேள்வியை வைத்துப் பார்ப்பதுதான் பயன் தரும் என்பது எங்கள் முடிவு. ஆடம் என்றதும் பிரம்மாண்டம் பற்றியே பேசுவார்கள். ஆனால் அவருடைய நல்ல செட்டுகளில் சுவரின் வடிவமும் வெளிச்சம் வரும் இடமும் ஒரே தாளில், ஒரே நேரத்தில் முடிவாகியிருக்கின்றன. அந்த இரண்டும் பிரிந்த இடங்களிலெல்லாம் அவர் தடுமாறியிருக்கிறார்.

வரைபலகைக் காலம்

1921-இல் பெர்லினில் ஒரு யூதக் குடும்பத்தில் பிறந்தவர். இயற்பெயர் க்ளாவுஸ் ஹூகோ ஆடம். நாஜிகள் ஆட்சியைப் பிடித்த மறு ஆண்டு, 1934-இல், குடும்பம் இங்கிலாந்துக்கு வந்தது. சினிமாவில் கலைத்துறைக்குப் போக வேண்டும் என்ற பையனுக்கு, அப்போது பெயர் பெற்ற கலை இயக்குநராக இருந்த வின்சென்ட் கோர்டா சொன்ன அறிவுரை: முதலில் கட்டடக்கலை படி. லண்டனின் பார்ட்லெட் கட்டடக்கலைப் பள்ளியில் படித்துக்கொண்டே, வெடிகுண்டுப் பதுங்கறைகள் வரையும் ஓர் அலுவலகத்தில் பயிற்சி வரைவாளராக இருந்தார். பின்னாளில் அவர் போட்ட பெயர் பெற்ற செட்டுகளில் சில பூமிக்கு அடியில் இருப்பவை என்பதை இந்த இடத்தில் நினைத்துக்கொள்ளலாம். போரில் பிரிட்டிஷ் விமானப்படையின் 609-ஆம் படைப்பிரிவில் டைஃபூன் போர் விமானம் ஓட்டினார். ஜெர்மனியில் பிறந்து அந்தப் படையில் போர் விமானியாக இருந்தவர்களை விரல்விட்டு எண்ணிவிடலாம்.

1948-இல் வெளிவந்த ஒரு சிறிய படத்தில் வரைவாளராகச் சேர்ந்தார். இந்தத் தொழிலுக்கு வர நினைப்பவர்கள் பலரும் தாண்டிக் குதிக்கப் பார்க்கும் படி இது. கலை இயக்குநரின் கிறுக்கலைத் தச்சர் கட்டக்கூடிய வரைபடமாக மாற்றுவது வரைவாளரின் வேலை. பிரிட்டிஷ் ஸ்டூடியோக்களில் கால் அங்குலம் ஓர் அடி என்ற அளவில், அதாவது 48-க்கு 1, தரைத்திட்டமும் சுவர் முகப்புகளும் வரைவார்கள். கதவுச் சட்டம், கார்னிஸ் (சுவரின் மேல்விளிம்பு அலங்காரம்) போன்றவற்றுக்கு முழு அளவு வரைபடமே உண்டு. எந்தச் சுவர் கழற்றக்கூடியது, எங்கே ஜாயின்ட் வரும், எந்த லென்ஸுக்கு எவ்வளவு சுவர் தெரியும் என்பதெல்லாம் அந்தத் தாளில் இருக்க வேண்டும். லென்ஸ் கணக்கைத் தவறவிட்டால் இரண்டில் ஒன்று நடக்கும்: கேமராவில் தெரியாத சுவருக்குப் பணம் செலவாகும், அல்லது படப்பிடிப்பு நாளில் செட்டின் விளிம்பு ஃபிரேமுக்குள் வந்து நிற்கும்.

1956-இல் 'அரவுண்ட் த வேர்ல்டு இன் 80 டேஸ்' அவருக்கு முதல் ஆஸ்கர் பரிந்துரையைத் தந்தது. அதைவிட முக்கியம், அங்கே வில்லியம் கேமரன் மென்சீஸ் இருந்தார். 1939-இல் 'புரொடக்‌ஷன் டிசைனர்' (படத்தின் மொத்தத் தோற்றத்தையும் வடிவமைப்பவர்) என்ற பட்டமே முதலில் அவருக்காகத்தான் உண்டானது. நிறத்திலும் வடிவத்திலும் துணிந்து போ என்று ஆடமைத் தள்ளிவிட்டவர் அவர்.

அடுத்த மாற்றம் சின்னது, ஆனால் எல்லாவற்றுக்கும் வேர். ஆடம் பென்சிலை விட்டுவிட்டுத் தடித்த முனையுள்ள மார்க்கர் பேனாவுக்கு மாறினார். மனைவி லெட்டிசியா கொடுத்த ஊக்கம் அது. பென்சிலில் கார்னிஸும் கைப்பிடியும் வரையலாம். மார்க்கரில் முடியாது, கருப்புத் திட்டுகளையும் வெள்ளை விட்ட இடங்களையும்தான் வைக்க முடியும். வெள்ளை விட்ட இடம் என்றால் வெளிச்சம் விழும் இடம். ஆக, கருவி மாறியதுமே அவருடைய முதல் கேள்வியும் மாறிவிட்டது.

ஒரு வட்டக் கம்பிவலை

முதல் ஜேம்ஸ் பாண்ட் படமான 'டாக்டர் நோ' (1962) குழு ஜமைக்காவில் படமெடுத்துக்கொண்டிருந்தபோது, ஆடம் பைன்வுட்டில் தனியாக செட்டுகளை எழுப்பிக்கொண்டிருந்தார். ஒதுக்கிய தொகை 14,000 பவுண்டு. பிறகு கொஞ்சம் கூட்டிக் கொடுத்தார்கள். பணம் ஏறத்தாழ தீர்ந்த நிலையில் பிறந்த ஓர் அறைதான் இன்றுவரை பேசப்படுகிறது. சாய்ந்து வரும் வெற்றுச் சுவர்கள், ஒரு நாற்காலி, ஒரு மேசை, ஒரு கதவு, மேலே பெரிய வட்டத் திறப்பு, அதில் கம்பிவலை. வலையின் நிழல் சுவரிலும் தரையிலும் விழ, உள்ளே வருபவன் பூச்சி அளவுக்குச் சுருங்கிப் போகிறான்.

இது ஏன் மலிவு என்பதைக் கவனிக்க வேண்டும். அறையை நிரப்புவது பொருள் அல்ல, நிழல். ஆனால் அதற்கு மூன்று கட்டுப்பாடுகள் உண்டு. வெளிச்சம் ஒரே கடினமான விளக்கிலிருந்து, தூரத்திலிருந்து வர வேண்டும். விளக்கை வலைக்குப் பக்கத்தில் கொண்டுவந்தால் நிழல்கோடுகள் விசிறிபோல விரிந்துவிடும். அகலமான மென்விளக்கு போட்டால் கோடுகள் கரைந்துவிடும். மற்ற இடங்களிலிருந்து நிரப்பு வெளிச்சத்தைத் தாராளமாகக் கொடுத்தால் வலை நிழல் அடியோடு அழிந்துவிடும். மூன்றாவது, சுவர்களைச் சரித்து ஆழத்தைப் பொய்யாகக் காட்டும் அறையில் நடிகர் பின்சுவரை ஒட்டிப் போய் நிற்கக்கூடாது. அவர் உயரமே பொய்யைக் காட்டிக்கொடுத்துவிடும். இயக்குநர் ஊருக்குத் திரும்பி வந்துதான் செட்டைப் பார்க்கப் போகிறார் என்ற நிலையில், இத்தனை கட்டுப்பாடுள்ள அறையைக் கட்டியது பெரிய பந்தயம்தான்.

போர் அறை

அந்தப் படத்தைப் பார்த்துவிட்டுத்தான் குப்ரிக் ஆடமை 'டாக்டர் ஸ்ட்ரேஞ்லவ்' (1964) என்ற அணுப்போர் நையாண்டிப் படத்துக்கு அழைத்தார். அமெரிக்க அதிபரும் தளபதிகளும் கூடும் போர் அறைதான் அதன் முக்கிய செட். முதல் வடிவம் இரண்டு அடுக்கு கொண்டது. குப்ரிக்குக்குப் பிடித்திருந்தது, வரைபடங்கள் ஓடத் தொடங்கிவிட்டன. சில வாரங்கள் கழித்து, மேல் அடுக்கில் ஆட்களை நிரப்பி அவர்களை என்ன செய்யச் சொல்வது என்று கேட்டு, வேண்டாம் என்றுவிட்டார். வேலை தொடங்கியபின் வரும் இந்த 'வேண்டாம்' இத்தொழிலில் ஒவ்வொருவருக்கும் வரும். அதற்குத் தயாராக இருக்க ஒரே வழி, வேகமாக மறுபடி வரையத் தெரிவது. ஆடம் குப்ரிக்கின் முன்னாலேயே கிறுக்க ஆரம்பித்தார். அப்படி உருவான முக்கோணத்தைப் பார்த்த குப்ரிக், முக்கோணம்தானே வடிவங்களிலேயே உறுதியானது என்று கேட்டார். அறைக்குப் பொருள் கிடைத்துவிட்டது: வலுவூட்டிய கான்கிரீட், குண்டு தாங்கும் கூரை.

ஷெப்பர்ட்டன் ஸ்டூடியோவில் கட்டப்பட்ட அறையின் அளவு: நீளம் 130 அடி, அகலம் 100 அடி, உயரம் 35 அடி. இதை லென்ஸ் கணக்கோடு சேர்த்துப் பார்த்தால்தான் விளக்கு ஏன் அங்கே போனது என்று புரியும். 35 மி.மீ. படச்சுருளில் ஃபிரேமின் அகலம் சுமார் 22 மி.மீ. உதாரணத்துக்கு 25 மி.மீ. லென்ஸை எடுத்துக்கொள்வோம். 100 அடி அகலம் முழுவதையும் பிடிக்கக் கேமரா 114 அடி தள்ளி நிற்க வேண்டும். 130 அடி அறையில் அதற்கு இடம் உண்டு, ஆனால் மிச்சம் அதிகம் இல்லை. அந்தத் தொலைவில் ஃபிரேமின் உயரத்துக்குள் சுமார் 60 அடி அடங்கும். கேமரா கண் உயரத்தில் நேராக இருந்தால் எதிர்ச்சுவர் கூரைவரை தெரியும். சற்றே மேலே சாய்த்தால் கூரை உள்ளே வந்துவிடும். ஆகவே கூரை கட்டியே ஆக வேண்டும். கூரை கட்டிவிட்டால், வழக்கமாகச் செட்டுக்கு மேலே பலகைப் பாதையில் வரிசையாக வைக்கும் விளக்குகளுக்கு வழி இல்லை.

விளக்கை ஒளிக்க முடியாதபோது அதைக் காட்டிவிடுவதே வழி. பெரிய வட்ட மேசை, அதற்கு நேர் மேலே அதே வட்டத்தில் தொங்கும் விளக்கு வளையம். மேசையைச் சுற்றி உட்கார்ந்திருப்பவர்களுக்கு அதுவே பிரதான வெளிச்சம். இருவரும் இதைக் கற்பனையில் முடிவு செய்யவில்லை. ஆடமை நாற்காலியில் உட்காரவைத்து, மேலே ஒரு பல்பை வெவ்வேறு உயரத்திலும் கோணத்திலும் பிடித்து, முகத்தில் வெளிச்சம் எப்படி விழுகிறது என்று குப்ரிக் பார்த்துப் பார்த்து வைத்தார். விளக்கு தலைக்கு நேர் மேலே போனால் கண்குழிகள் இருண்டுவிடும். முன்னால் தாழ்ந்தால் முகம் தட்டையாகிவிடும், விளக்கும் குளோஸ் ஷாட்டில் தலையிடும். ஒரு நாற்காலியும் ஒரு பல்பும் போதும் இந்தச் சோதனைக்கு. செட் கட்டுவதற்கு முன் இதைச் செய்யாமல் விடுவதற்கு எந்த நியாயமும் இல்லை.

தரை பளபளக்கும் கருப்பு. 1930-களின் நடனப் படங்களில் வரும் தரைதான் முன்மாதிரி. சுவர் எங்கே முடிகிறது, தரை எங்கே தொடங்குகிறது என்பது இருளில் மறைய, வரைபடப் பலகைகளின் வெளிச்சம் மட்டும் தரையில் இரண்டாவது முறை தெரியும். இப்படிப்பட்ட தரைக்குக் கொடுக்கும் விலை பராமரிப்பு. ஒரு ஷூ கீறலும் கருப்பில் வெள்ளைக் கோடாகப் பிடிபடும். அதனால் காலணிக்கு மேல் மென்துணி உறை போட்டுத்தான் நடமாட வேண்டும்.

தவறு வந்தது வரைபடப் பலகைகளில். பெரிதாக்கிய புகைப்படக் காகிதத்தைப் பிளைவுட்டில் ஒட்டி, குறியீடுகளின் இடத்தில் துளை வெட்டி, பின்னால் பல்புகளை வைத்திருந்தார்கள். பல்புகளின் சூட்டில் ஒட்டிய காகிதம் கொப்பளிக்கத் தொடங்கியது. பின்பக்கம் குளிர்காற்று செலுத்தித்தான் அதைச் சமாளித்தார்கள். இன்று எல்.இ.டி. போட்டாலும் இந்தப் பாடம் மாறவில்லை: மூடிய பெட்டிக்குள் விளக்கு வைத்தால் காற்றுக்கு ஒரு நுழைவாயும் மேலே ஒரு வெளிவாயும் வரைபடத்திலேயே இருக்க வேண்டும்.

மேசைக்குப் பச்சைத் துணி வேண்டும் என்றார் குப்ரிக். படமோ கருப்பு வெள்ளை. உலகத்தின் தலைவிதியை வைத்துச் சூதாடுவதை நடிகர்கள் உணர வேண்டும் என்பது காரணம். பார்வையாளருக்கே தெரியாத ஒரு நிறத்துக்குப் பணம் கேட்டால் தயாரிப்பு நிர்வாகி முகம் சுளிப்பார். அதை எடுத்துச் சொல்லி வாங்கித் தருவதும் டிசைனர் வேலைதான்.

எடை பேசிய செட்டுகள்

இடைப்பட்ட ஆண்டுகளில் போட்ட இரண்டு பெரிய செட்டுகளில் வெளிச்சத்தைவிட எடையே கதை. 'கோல்டுஃபிங்கர்' (1964) படத்துக்காகப் போட்ட தங்கக் கிடங்கில் 40 அடி உயரத்துக்குக் கட்டிகள் அடுக்கப்பட்டிருக்கும். உண்மையில் அப்படி அடுக்க மாட்டார்கள். தங்கம் தண்ணீரைவிட 19 மடங்கு கனம். 12 மீட்டர் உயர அடுக்கின் கீழே ஒவ்வொரு சதுர மீட்டரும் 230 டன் சுமக்க வேண்டும். ஆடமுக்கு இது தெரியும். பார்வையாளர் தங்கத்துக்கு நடுவே நிற்க வேண்டும் என்பதற்காகத் தெரிந்தே பொய் சொன்னார். எது பொய் என்று தெரிந்து சொல்பவரின் செட் நம்பும்படி இருக்கும்.

'யூ ஒன்லி லிவ் ட்வைஸ்' (1967) படத்தின் எரிமலைக் குகை பைன்வுட்டின் திறந்த வெளியில் எழுந்தது. சுமார் 120 அடி உயரம், 700 டன் கட்டமைப்பு எஃகு, செலவு ஏறக்குறைய 10 லட்சம் டாலர். ஐந்தே ஆண்டுகளுக்கு முன் 'டாக்டர் நோ' முழுப் படத்துக்கும் ஆன தொகை அது. ஃபுளோருக்குள் போடும் செட்டின் சுவர்களை மேற்கூரையின் உத்தரங்களிலிருந்து கட்டித் தாங்கலாம். வெளியே அந்த வசதி இல்லை. சுவர் தன் எடையைத் தானே தாங்க வேண்டும், காற்றின் தள்ளுவிசையையும் வாங்கிக்கொள்ள வேண்டும். மேலே நகரும் மூடி, உள்ளே இறங்கும் ஹெலிகாப்டர் வேறு. இந்த அளவில் கலைத்துறை மட்டும் போதாது. கட்டமைப்புப் பொறியாளரின் கையெழுத்து இல்லாமல் ஒரு தூணும் எழக்கூடாது.

மெழுகுவத்தி

'பேரி லிண்டன்' (1975) படத்துக்கு குப்ரிக் செட் வேண்டாம் என்று முடிவெடுத்தார். 18-ஆம் நூற்றாண்டு வீடுகளிலேயே, மெழுகுவத்தி வெளிச்சத்திலேயே எடுக்க வேண்டும். அதற்கென எஃப் 0.7 திறப்புள்ள (இந்த எண் குறையக் குறையத் திறப்பு அகலமாகும்) ஸைஸ் நிறுவன லென்ஸைக் கேமராவில் பொருத்தினார்கள். அவ்வளவு அகலத் திறப்பில் ஃபோகஸ் ஆழம் சில அங்குலங்களே; நடிகர் முன்னே குனிந்தால் முகம் மங்கிவிடும். மரபுச் சின்னங்களான வீடுகளில் சரவிளக்குகளின் சூடும் புகையும் மேற்கூரையைக் கெடுக்காமலிருக்க, மேலே உலோகத் தகடுகளைக் கட்டினார்கள். அவையே வெளிச்சத்தைக் கீழே திருப்பியும் விட்டன.

இங்கே ஆடமிடமிருந்து பறிபோனது எது என்று பாருங்கள். சுவரை அவர் வரையவில்லை. ஜன்னல் எங்கே என்பது 200 ஆண்டுகளுக்கு முன்பே முடிவாகிவிட்டது. வெளிச்சம் லென்ஸின் விஷயமாகிவிட்டது. அவருக்கு மிஞ்சியது வீடு தேடுவதும், அறைகளைப் பொருத்துவதும், ஓயாத ஆராய்ச்சியும், எல்லையில்லாத கேள்விகளும். மனம் உடைந்து சிகிச்சை பெற வேண்டிய நிலைக்குப் போனார். அந்தப் படத்துக்கே முதல் ஆஸ்கர் கிடைத்தது. விருதை வைத்து ஒரு வேலை எப்படி நடந்தது என்று கணிக்கக்கூடாது என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று இல்லை. ஏறக்குறைய இருபது ஆண்டு கழித்து 'த மேட்னஸ் ஆஃப் கிங் ஜார்ஜ்' (1994) படத்தில் மறுபடி அதே நூற்றாண்டின் உண்மை மாளிகைகளுக்குள் போனார். அரச குடும்பத்தின் வின்ட்சர் கோட்டைக்குப் பதில் அருண்டெல் கோட்டை. இரண்டாவது ஆஸ்கர் வந்தது.

தண்ணீர்த் தொட்டியில் என்ன நடந்தது

இப்போது 1976-க்குத் திரும்பலாம். 'த ஸ்பை ஹூ லவ்டு மீ' செட்டில் சிக்கல்கள் ஒன்றின்மேல் ஒன்றாக ஏறின.

தொட்டி மட்டுமே 300 அடிக்குச் சற்றுக் குறைவான நீளம். ஒரு விளக்கிலிருந்து 50 அடியில் கிடைக்கும் வெளிச்சம் 300 அடியில் 36-இல் ஒரு பங்காகச் சுருங்கிவிடும். முன்னால் நிற்பவருக்குச் சரியாக வைத்தால் கடைசிக் கப்பல் இருட்டில் போய்விடும். அதை ஈடுகட்டக் கூரை முழுக்க விளக்கு தொங்கவிட்டால் அடுத்த சிக்கல்: கீழே இருப்பது தண்ணீர். தண்ணீர் கண்ணாடி போல ஒவ்வொரு விளக்கையும் திருப்பிக் காட்டும். ஈரமான இரும்புச் சுவர்களும் அப்படியே. ஒளிப்பதிவாளர் க்ளோட் ரென்வாரின் பார்வை அப்போது மங்கிக்கொண்டிருந்தது. செட்டின் மறுகோடி அவருக்குச் சரியாகத் தெரியவில்லை.

இவற்றுக்கெல்லாம் அடியில் இருந்த காரணம் வேலை நடந்த வரிசை. ஃபுளோரும் செட்டும் ஒரே ஓட்டத்தில் எழுந்ததால், தொட்டி, கூரை, செலவு, திறப்பு விழாத் தேதி எல்லாம் முன்னே ஓடின. அந்த விழா டிசம்பர் 5 அன்று, முன்னாள் பிரதமர் ஹரால்டு வில்சன் முன்னிலையில் நடந்தது. விளக்கு கடைசியில் வந்து சேர்ந்தது. போர் அறையில் மேசையோடு பிறந்த விளக்கு, இங்கே கட்டி முடித்தபின் கேட்கும் கேள்வியாகிவிட்டது.

குப்ரிக் காட்டிய வழி 1963-இன் வழியேதான்: விளக்கைச் செட்டுக்குள் வை, அது தெரியட்டும். கப்பல்துறை என்றால் அங்கே ஃப்ளட் விளக்கு இருப்பது இயல்பு. நடைமேடையோரமும் தூண்களிலும் இடைவெளி விட்டு விளக்குகள் இருந்தால், ஒவ்வொன்றும் தன்னைச் சுற்றிய பகுதியை மட்டும் கவனித்துக்கொள்ளும். தூரக் கணக்கு உதைக்காது. தண்ணீரில் பிரதிபலித்தாலும் குறை இல்லை. அங்கே இருக்க வேண்டிய விளக்குதானே பிரதிபலிக்கிறது. தூரத்துக்குப் போகப் போகச் சிறுத்துக்கொண்டே போகும் விளக்கு வரிசை, இடத்தின் நீளத்தையும் சொல்லிவிடும். இதற்கு வேண்டியது முன்கூட்டியே இழுத்த கேபிள் பாதை, தண்ணீரோரம் என்பதால் கசிவு கண்டதும் மின்சாரத்தைத் துண்டிக்கும் பாதுகாப்பு, பல்பு மாற்ற ஆள் போய்வர வழி. கட்டி முடித்த செட்டில் இவற்றைச் சேர்ப்பது, வரைபடத்தில் சேர்ப்பதைவிடப் பல மடங்கு வேலை.

நாடக மேடையும் தொலைக்காட்சியும்

அடுத்த ஆண்டு, 1977-இல், லண்டன் ராயல் ஆபரா ஹவுஸில் புச்சினியின் 'லா ஃபான்சூல்லா டெல் வெஸ்ட்' ஆபராவுக்கு ஆடம் மேடை அமைத்தார். மதுக்கூடம், மலைக் குடிசை, சுரங்கத் தொழிலாளர் இருக்கும் காடு: மூன்று அங்கம், மூன்று இடம். சினிமாவிலிருந்து மேடைக்குப் போகும் டிசைனருக்கு முதலில் இடறுவது லென்ஸ் இல்லாமை. ஒரே கேமரா நிலைக்குப் பதில் இரண்டாயிரம் இருக்கைகள். கீழ்த்தள முன்வரிசைக்குத் தரை தெரியாது; மேல்மாடத்துக்குத் தரைதான் பாதிப் படம். இரு ஓர இருக்கைகளிலிருந்தும் தரைத்திட்டத்தில் பார்வைக்கோடு இழுத்துப் பார்க்காவிட்டால், ஒரு பக்கத்தவருக்கு நாயகி சுவருக்குப் பின்னால் பாடுவாள்.

கூரை இங்கேயும் சிக்கல்தான், ஆனால் தலைகீழாக. மேடை விளக்குகள் மேலே குறுக்குக் கம்பங்களில் தொங்குகின்றன. குடிசைக்கு நம்பும்படியான கூரை போட்டால் அந்த விளக்குகள் அத்தனையும் அடைபட்டுவிடும். முன்பக்கமும் பக்கவாட்டும் ஜன்னலும்தான் மிச்சம். ஆகவே 25-க்கு 1 அளவு மாதிரியை மேசையில் வைத்து, விளக்கு வடிவமைப்பாளரோடு எந்தப் பலகையைப் பிளப்பது, எங்கே இடைவெளி விடுவது என்று முடிவு செய்த பிறகே பட்டறைக்கு அனுப்ப வேண்டும். நாள்தோறும் நிகழ்ச்சி மாறும் அரங்கு என்பதால் செட் துண்டு துண்டாகப் பிரிந்து பக்கக் கிடங்கின் கதவில் நுழைய வேண்டும். துணி, மரம் எல்லாம் தீத்தடுப்புப் பூச்சு பெற்றிருக்க வேண்டும்.

தொலைக்காட்சி ஆடமின் களம் அல்ல. ஆனால் பல கேமரா ஸ்டூடியோவுக்குப் போகிறவர்களுக்கும் இதே கேள்வி காத்திருக்கிறது. மூன்று நான்கு கேமராக்கள் ஒரே நேரத்தில் ஓடுவதால் எல்லாவற்றுக்கும் பொதுவாக மேலிருந்து விளக்கு போட்டாக வேண்டும். மைக் கம்பமும் மேலேதான். கூரைக்கு இடமில்லை, வெளிச்சம் தட்டையாகிவிடும். டிசைனர் கையில் மிச்சமிருப்பது மேசை விளக்கும் ஜன்னலும் சுவர் நிறமும். வெள்ளைக்கு நெருங்கிய சுவர் போட்டால் அது முகத்தைவிடப் பிரகாசமாகிவிடும். நடுத்தரமான நிறத்தில் சுவரை வைத்து, மேசை விளக்கை டிம்மரில் கொடுத்தால் பாதிக் கிணறு தாண்டியாயிற்று.

ஆடம் 2003-இல் 'சர்' பட்டம் பெற்றார். 2012-இல் தன் ஓவியங்களை பெர்லினின் திரைப்பட அருங்காட்சியகத்துக்குக் கொடுத்தார். 2016-இல் லண்டனில் இறந்தார். போர் அறை படப்பிடிப்பு முடிந்ததும் உடைக்கப்பட்டது. பைன்வுட் ஃபுளோர் 1984-இலும் 2006-இலும் தீயில் எரிந்து, மறுபடி கட்டப்பட்டது. அந்த ஆபரா மேடை மட்டும் 30 ஆண்டுகளுக்குமேல் திரும்பத் திரும்ப அரங்கேறியது. ஒவ்வொரு முறையும் கிடங்கிலிருந்து துண்டுகள் வந்து சேரும். மேடைப் பணியாளர்கள் அவற்றைப் பூட்டி முடித்ததும் விளக்குக்காரர்கள் ஏணியோடு வருவார்கள்.